சிரித்ததற்குத் திட்டு வாங்கிய ஓவியர்: எலிசபெத் விஜே லெ ப்ரன்

1787இல் பாரிஸ் லூவர் மாளிகையில் நடந்த ஓவியக் கண்காட்சியில் ஒரு தாயும் சிறுமியும் இருக்கும் படம் மாட்டப்பட்டிருந்தது. தாய்தான் அதை வரைந்தவர். மகளை மடியில் அணைத்துக்கொண்டு நம்மைப் பார்த்துச் சிரிக்கிறார், உதடு லேசாகப் பிரிந்து மேல்வரிசைப் பல் கொஞ்சம் தெரிகிறது. அவ்வளவுதான் படம். ஆனால் அதைப் பார்த்துவிட்டு அப்போது பாரிஸில் சுற்றிக்கொண்டிருந்த ஒரு வம்புச் செய்தித் தொகுப்பு, பல் தெரியச் சிரிக்கிற இந்தப் பாசாங்கு பழங்காலத்தவர் யாரிடமும் இல்லாதது, ரசனையுள்ளவர்கள் எல்லோரும் இதைக் கண்டிக்கிறார்கள், அதிலும் ஒரு தாய்க்கு இது கொஞ்சமும் பொருந்தவில்லை என்று எழுதியது. அந்தக் காலத்து ஓவியங்களில் வாயைத் திறந்து பல்லைக் காட்டுபவர்கள் யார் என்றால் குடிகாரர்கள், பைத்தியங்கள், சந்தைக்கடை ஆட்கள், சிறு பிள்ளைகள். மரியாதைப்பட்ட ஒரு பெண் வாயை மூடிக்கொண்டுதான் ஓவியத்துக்குள் வர வேண்டும்.

அந்த ஓவியர்தான் எலிசபெத் விஜே லெ ப்ரன். (விஜே என்றதும் டிவி தொகுப்பாளர் யாரோ என்று நினைக்க வேண்டாம், அது அவருடைய அப்பா வீட்டுப் பெயர். லெ ப்ரன் கணவர் வழி வந்தது.) "மரி அந்துவானெத் ராணியின் ஓவியர்" என்று ஒரே வரியில் இவரை முடித்துவிடுவது வழக்கம். அது தப்பில்லை, ஆனால் அது அவருடைய தொழில் வாழ்க்கையில் பத்துப் பன்னிரண்டு வருடம்தான். மீதி நாற்பது ஐம்பது வருடம் அவர் என்ன செய்தார், எப்படிச் சம்பாதித்தார் என்பதில்தான் எனக்கு ஆர்வம்.

முதலில் ஒரு அடிப்படை விஷயம். உருவப்படம் வரைவது என்பது அன்றைக்கு என்ன மாதிரியான வேலை? கேமரா கிடையாது. தூரத்தில் இருக்கும் மகளின் முகத்தை அம்மா பார்க்க வேண்டும் என்றால் யாராவது வரைந்து அனுப்ப வேண்டும். கல்யாணப் பேச்சுக்கும் படம்தான், பதவி கிடைத்தாலும் படம்தான், வீட்டு வரவேற்பறையில் குடும்பப் பெருமைக்கும் படம்தான். அதனால் நல்ல உருவப்பட ஓவியருக்கு வேலைக்குப் பஞ்சமில்லை, காசும் உண்டு. ஆனால் மரியாதை? பிரெஞ்சு அரசின் ஓவிய அகாடமி ஓவிய வகைகளுக்குப் படிவரிசை வைத்திருந்தது. புராணம், பைபிள், பழைய வரலாறு இவற்றிலிருந்து காட்சிகளை எடுத்து வரைகிறவர்தான் உச்சியில். உருவப்படம் அதற்குக் கீழே, அன்றாட வாழ்க்கைக் காட்சி, நிலக்காட்சி, பழம் பூ பாத்திரம் எல்லாம் இன்னும் கீழே. உச்சிக்குப் போக வேண்டும் என்றால் மனித உடலை ஆடையில்லாமல் பார்த்துப் பார்த்து வரைந்து பழக வேண்டும், அந்த வகுப்புக்குள் பெண்களை விட மாட்டார்கள். பிறகு "பெண்கள் ஏன் உருவப்படமும் பூச்சாடியும் மட்டுமே வரைகிறார்கள்" என்று கேட்பார்கள். நல்ல கதை!

எலிசபெத் பிறந்தது 1755 ஏப்ரலில், பாரிஸில். அப்பா லூயி விஜே, பேஸ்டல் வண்ணக்குச்சிகளால் உருவப்படம் வரைகிறவர். அம்மா சிகையலங்காரம் செய்பவர். கான்வென்டில் விட்டிருந்தபோது நோட்டுப் புத்தக ஓரம், படுக்கையறைச் சுவர் என்று ஓர் இடம் பாக்கியில்லாமல் கிறுக்கி அடிக்கடி தண்டனை வாங்கியிருக்கிறார். ஏழெட்டு வயதில் அவர் வரைந்த ஒரு தாடிக்காரர் தலையைப் பார்த்துவிட்டு, நீ ஓவியர்தான் ஆவாய் என்று அப்பா சொன்னாராம். அந்த அப்பா இவருக்குப் பன்னிரண்டு வயதிருக்கும்போது, தொண்டையில் மீன்முள் சிக்கியதில் வந்த கோளாறால் இறந்துபோனார். அம்மா ஒரு நகை வியாபாரியை மறுமணம் செய்துகொண்டார். பதினைந்து வயதுக்குள்ளாகவே எலிசபெத் படம் வரைந்து சம்பாதிக்கத் தொடங்கினார், அந்தக் காசு முழுவதும் அம்மாவின் இரண்டாம் கணவரின் பைக்குப் போனது. செத்துப்போன அப்பாவின் உடைகளைத் தன் அளவுக்குக்கூட மாற்றாமல் அந்த மனிதர் போட்டுக்கொண்டு திரிந்தார் என்று எண்பது வயதை நெருங்கும்போது எழுதுகிறார், அப்போதும் அந்தக் கோபம் ஆறவில்லை.

பத்தொன்பதாவது வயதில் ஒரு சிக்கல். பாரிஸில் காசு வாங்கிக்கொண்டு படம் வரைய வேண்டும் என்றால் ஓவியர்களின் சங்கத்தில் உறுப்பினராக இருக்க வேண்டும். இவரிடம் அந்த உரிமம் இல்லை. 1774இல் அதிகாரிகள் வந்து அவருடைய வேலைக்கூடத்துப் பொருள்களைப் பூட்டி முத்திரை வைத்தார்கள். அவர் உடனே சேன் லூக் அகாடமியில் (அப்பா இருந்த அதே சங்கம்) விண்ணப்பித்து அந்த அக்டோபரிலேயே உறுப்பினர் ஆகிவிட்டார். பெண் என்பதால் வந்த தொந்தரவு இல்லை இது. லைசென்ஸ் இல்லாமல் கடை வைத்தால் யாருக்கும் நடப்பதுதான்.

1776 ஜனவரியில் கல்யாணம். மாப்பிள்ளை ழான் பாப்திஸ்த் பியேர் லெ ப்ரன், ஓவிய வியாபாரி, பாரிஸில் பெரிய கை. அவர் கடையில் இருந்த பழைய மேதைகளின் படங்களைப் பார்த்துப் பார்த்து நகல் எடுத்துப் பழகியது எலிசபெத்துக்குப் பெரிய படிப்பு. ஆனால் மனைவியின் வருமானம் கணவனுக்கே சொந்தம் என்கிற சட்டம், அதோடு சூதாட்டத்திலும் பெண்களிடத்திலும் ஈடுபாடுள்ள கணவர். பத்து லட்சம் ஃபிராங்குக்கு மேல் சம்பாதித்த பிறகும் 1789இல் நாட்டை விட்டுப் போகும்போது தன் பேரில் இருபது ஃபிராங்க் வருமானம்கூட இல்லை என்று எழுதியிருக்கிறார். முதலில் அம்மாவின் இரண்டாம் கணவர், அப்புறம் தன் கணவர்.

அவருடைய நினைவுக் குறிப்புகளைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை. 1835லிருந்து 1837க்குள் மூன்று பாகங்களாக வந்தன. படிக்கப் பிரமாதமாக இருக்கும், ஆனால் ஒரு வயதான பெண்மணி தன் பெயரைக் காப்பாற்றிக்கொள்ள எழுதியவை, அதனால் கொஞ்சம் தள்ளுபடி செய்தே படிக்க வேண்டும். அரச குடும்பத்தில் எல்லோரும் தேவதைகளாக வருவார்கள். தன் தொழிலைப் பற்றிப் பேசும்போதுதான் ஆள் நிஜமாகத் தெரிகிறார்.

உதாரணத்துக்கு இது. பதின்ம வயதில் அழகாக இருந்ததால், படம் வரையச் சொல்லிவிட்டு இவரையே வெறித்துப் பார்க்க வரும் ஆண்கள் பலர். அப்படிப்பட்டவர்களுக்கு இவர் பார்வையை வேறு பக்கம் திருப்பிய நிலையில்தான் படம் வரைவார். படத்தில் கண்கள் ஓரமாகப் பார்க்கின்றன என்றால் உட்கார்ந்திருப்பவரும் ஓரமாகத்தானே பார்க்க வேண்டும். அந்த ஆள் மெதுவாகக் கண்ணை இவர் பக்கம் திருப்பியவுடன் "இப்போது கண்களைத்தான் வரைந்துகொண்டிருக்கிறேன்" என்பார். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் அம்மாவுக்கு விஷயம் தெரியும், சிரிப்பை அடக்கிக்கொள்வார்.

பிற்காலத்தில் உறவுக்காரப் பெண் ஒருவருக்காக உருவப்படம் வரைவது பற்றிச் சில குறிப்புகள் எழுதிக் கொடுத்தார். ஆள் வருவதற்கு அரை மணி நேரம் முன்பே எல்லாவற்றையும் தயாராக எடுத்து வைத்துவிட்டு மனதை ஒருமுகப்படுத்திக்கொள். உன் பின்னால் ஒரு கண்ணாடி வை, அதில் படமும் ஆளும் சேர்ந்து தெரியும், தப்பு உடனே கண்ணில் படும். பெண்களிடம் அழகாக இருக்கிறீர்கள், நிறம் எவ்வளவு பளிச்சென்று இருக்கிறது என்று சொல், சந்தோஷத்தில் அசையாமல் உட்காருவார்கள். கூட வருகிற நண்பர்களை உள்ளே விடாதே, ஆளுக்கு ஒரு கருத்து சொல்லிப் படத்தைக் கெடுத்துவிடுவார்கள். டிசைன் வேலை செய்கிற யாரிடமாவது இந்தக் கடைசிக் குறிப்பைக் காட்டினால் கண்ணீர் விடுவார்கள்.

அவருடைய பாணி என்ன என்று கேட்டால் உடையும் தலைமுடியும் என்றுதான் தொடங்குவேன். தலையில் மாவு போல வெள்ளைப் பவுடர் கொட்டிக்கொள்கிற காலம் அது. இவருக்கு அது சுத்தமாகப் பிடிக்காது. வருகிறவர்களைக் கெஞ்சிப் பவுடரை எடுக்க வைத்து, முடியை இயல்பாக விட்டு, தோளில் ஒரு சால்வையைச் சுற்றி வரைவார். ஒரு சீமாட்டியைக் கருகரு முடியோடு, நடு வகிடு எடுத்து, ஒழுங்கில்லாத சுருள்களோடு வரைந்தார். அந்த அம்மாள் அதே தலையோடு நாடகம் பார்க்கப் போய், மற்றவர்களும் அதைப் பின்பற்றத் தொடங்கினார்களாம்.

அடுத்தது வெளிச்சம். 1781இல் கணவருடன் ஃப்ளாண்டர்ஸ் (இன்றைய பெல்ஜியம்) பக்கம் போனபோது ஆன்ட்வெர்பில் முந்தைய நூற்றாண்டு மேதை ரூபன்ஸ் வரைந்த, தொப்பி போட்ட ஒரு பெண்ணின் படத்தைப் பார்த்தார். தொப்பி விளிம்பின் நிழல் முகத்தில் விழுகிறது, ஆனாலும் முகம் இருட்டாக இல்லை, சுற்றியிருக்கும் வெளிச்சம் நிழலுக்குள்ளும் ஊடுருவி ஒளிர்கிறது. நேரடி வெயில் ஒன்று, பொதுவான பகல் வெளிச்சம் ஒன்று, இரண்டும் ஒரே முகத்தில். இதை எப்படிச் செய்தார் என்று மண்டையைக் குடைந்துகொண்டு, வைக்கோல் தொப்பியில் தன்னையே வரைந்து பார்த்தார். கையில் வண்ணத் தட்டும் தூரிகைகளும் இருக்கின்றன, "நான் வரைகிறவள்" என்று நேராகச் சொல்கிற படம். அதன் ஒரு பிரதி, அவரே வரைந்தது, லண்டன் நேஷனல் கேலரியில் இருக்கிறது.

சரி, ராணிக்கு வருவோம். மரி அந்துவானெத்தும் இவரும் ஒரே வருடத்தில் பிறந்தவர்கள். ராணியின் அம்மா, வியன்னாவில் இருந்த மரியா தெரேசா, மகளின் நல்ல படம் ஒன்று வேண்டும் என்று வருடக்கணக்கில் கேட்டுக்கொண்டிருந்தார். வந்த படம் எதுவும் அவருக்குத் திருப்தியாக இல்லை. 1778இல் எலிசபெத்தைக் கூப்பிட்டு, ராணியை எதிரில் உட்கார வைத்து முழு அரசவை உடையில் வரையச் சொன்னார்கள். அதிலிருந்து தொடர்ந்து பல படங்கள். ராணியின் தோல் நிழலே பிடிக்காத அளவுக்குத் தெளிவானது, அதற்கு ஏற்ற வண்ணம் என்னிடம் இல்லை என்று எழுதுகிறார். கர்ப்பமாக இருந்த தான் வண்ணப்பெட்டியைத் தவறிக் கீழே போட்டபோது ராணியே குனிந்து தூரிகைகளைப் பொறுக்கினார் என்பதும் அவர் சொல்வதுதான்.

ராணியின் தயவில் கிடைத்த பெரிய பலன் அகாடமி உறுப்பினர் பதவி. ஓவிய வியாபாரத்தோடு தொடர்புள்ளவர்களை அகாடமி சேர்க்காது, இவருடைய கணவரோ வியாபாரி. மன்னரின் உத்தரவால் 1783 மே 31 அன்று உள்ளே வந்தார். அதே நாளில் அதெலாயித் லபீய் கியார் என்ற இன்னொரு உருவப்பட ஓவியரும் சேர்ந்தார், அவர் முறையாக வாக்கெடுப்பில் வந்தவர். ஒரே நேரத்தில் நான்கு பெண்கள்தான் இருக்கலாம் என்று விதி, இந்த இருவரோடு அந்த நான்கு நிரம்பியது. அப்புறம் என்ன, இருவரையும் போட்டியாளர்களாக நிறுத்திப் பத்திரிகைகள் எழுதித் தள்ளின. என்னைக் கேட்டால் லபீய் கியாரின் படங்களில் மனிதர்கள் இன்னும் கனமாக, நிஜமாக இருக்கிறார்கள். எலிசபெத்தின் படத்தில் எல்லோரும் நல்லா தூங்கி எழுந்தவர்கள் மாதிரி இருப்பார்கள். அகாடமிக்குக் கொடுத்த படத்தில் ஒரு சாமர்த்தியம் செய்தார். உருவப்படம் கொடுக்கவில்லை, சமாதானம் செழிப்பைத் திரும்ப அழைத்து வருவதாக இரண்டு பெண் உருவங்களை வரைந்த உருவகப் படத்தைக் கொடுத்தார். படிவரிசையின் உச்சியில் நானும் நிற்பேன் என்று சொல்லாமல் சொன்னது அது.

அதே 1783 கண்காட்சியில் ராணியின் படம் ஒன்று ரகளை ஆனது. வெள்ளை மஸ்லின் உடை, இடுப்பில் ஒரு பட்டி, தலையில் வைக்கோல் தொப்பி, நகை எதுவும் இல்லை. இன்று பார்த்தால் இதில் என்ன இருக்கிறது என்று தோன்றும். அன்று அது உள்ளாடை மாதிரித் தெரிந்தது: ராணி உள்பாவாடையோடு நிற்கிறார்! போதாததற்கு, பிரெஞ்சுப் பட்டை விட்டுவிட்டு வெளிநாட்டுப் பருத்தியை உடுத்துகிறார் என்று பட்டு நெசவுக்காக ஒரு புகார். படத்தை இறக்கிவிட்டு, அதே நிலையில் பட்டு உடையும் முத்தும் போட்ட ராணியை வரைந்து மாட்டினார்கள். கையில் ரோஜாப்பூ மட்டும் இரண்டிலும் உண்டு.

1787இல் நிலைமை முற்றிவிட்டது. கஜானா காலி, ராணிக்குப் "பற்றாக்குறை அம்மாள்" என்று பட்டப்பெயர். ராணியை நல்ல தாயாகக் காட்ட வேண்டும் என்று குழந்தைகளோடு ஒரு பெரிய படம் வரையச் சொன்னார்கள். மூத்த மகன் ஒரு தொட்டிலைச் சுட்டிக் காட்டுகிறான், தொட்டில் காலி. கடைக்குட்டிப் பெண் குழந்தை சோஃபி அந்த ஜூனில் இறந்துபோயிருந்தாள். கண்காட்சி திறந்த நாளில் மக்கள் என்ன செய்வார்களோ என்ற பயத்தில் படத்தைக் கொண்டுவரவே இல்லை, வெறும் சட்டம் தொங்கியது. "இதோ பற்றாக்குறை" என்று யாரோ கிண்டல் செய்தார்களாம்.

இந்த இடத்தில் நம் ஊர்ப் பக்கமும் கதை வருகிறது. ஆங்கிலேயருக்கு எதிராக உதவி கேட்டு மைசூர் திப்பு சுல்தான் மூன்று தூதர்களைப் பிரான்சுக்கு அனுப்பினார். அவர்கள் 1787இல் கப்பல் ஏறியது புதுச்சேரியில். 1788 ஜூனில் துலோன் துறைமுகத்தில் இறங்கி, ஆகஸ்டில் வெர்சாய் அரண்மனையில் மன்னர் பதினாறாம் லூயியைச் சந்தித்தார்கள். பாரிஸ் முழுக்க அவர்களைப் பற்றியே பேச்சு. எலிசபெத்துக்கு அவர்களை வரைய ஆசை, அவர்களோ மன்னர் கேட்டால்தான் சம்மதிப்போம் என்றார்கள். மன்னரிடமிருந்து வேண்டுகோளையும் வாங்கிவிட்டார். முகமது தர்வேஷ் கானை ஆள் உயரத்துக்கு மேல், வெள்ளை மஸ்லின் அங்கியில், வாளைப் பிடித்து நிற்க வைத்து வரைந்தார். கேன்வாஸ் காயும்வரை அங்கேயே விட்டுவிட்டுப் போக, தர்வேஷ் கான் அதைக் கட்டிலுக்குப் பின்னால் ஒளித்து வைத்துக்கொண்டு, இதற்கு இன்னும் ஆன்மா வேண்டும் என்று சொல்லித் தர மறுத்துவிட்டார். இவர் ஆள் வைத்துப் படத்தைக் கடத்திக்கொண்டு வர வேண்டியதாயிற்று.

தூதர்கள் இவருக்கு விருந்தும் வைத்தார்கள். தரையில் உட்கார்ந்து, மசாலா தூக்கலாக ஆட்டுக்கால் குழம்பு ஒன்று, அதைத் தங்கள் கையாலேயே எடுத்து இவருக்குப் பரிமாறினார்கள். கிட்டத்தட்ட பாயாதான்! இவருக்கோ கையால் சாப்பிடுவதைப் பார்க்கவே சகிக்கவில்லை என்று எழுதி வைத்திருக்கிறார். படத்தில் தர்வேஷ் கானுக்கு ஒரு மன்னனுக்குரிய கம்பீரம் கொடுத்த அதே கை, விருந்தைப் பற்றி இப்படி எழுதியது. அந்தப் படம் 2019இல் நியூயார்க்கில் ஏலத்தில் ஏறக்குறைய 72 லட்சம் டாலருக்கு, அன்றைய மதிப்பில் ஐம்பது கோடி ரூபாய்க்கு, விலை போனது. பழைய காலத்துப் பெண் ஓவியர் எவருடைய படமும் அதுவரை ஏலத்தில் அந்த விலையைத் தொட்டதில்லை.

பிரெஞ்சுப் புரட்சி வெடித்திருந்த 1789 அக்டோபரில் பாரிஸ் கூட்டம் வெர்சாய்க்குப் போய் அரச குடும்பத்தைப் பாரிஸுக்கு இழுத்து வந்த அதே இரவில், எலிசபெத் ஒன்பது வயது மகள் ஜூலியோடும் அவளுடைய ஆசிரியையோடும் பொது வண்டியில் ஏறினார். தலையில் முக்காடு, வேலைக்காரப் பெண் மாதிரி உடை. கொஞ்ச நாளில் திரும்பிவிடலாம் என்ற எண்ணம். பன்னிரண்டு வருடம் ஆகிவிட்டது.

புரட்சியில் ஓடியவர்களில் பெரும்பாலானவர்களுக்கு நிலமும் வாடகையும்தான் சொத்து, எல்லையைத் தாண்டியதும் அது பூஜ்யம். இவருடைய சொத்து கையில் இருந்தது. துரின், ஃப்ளாரன்ஸ், ரோம், நேப்பிள்ஸ், வியன்னா என்று எங்கே போனாலும் ராணியை வரைந்தவர் வந்திருக்கிறார் என்று வரிசையில் நின்றார்கள். ஃப்ளாரன்ஸின் உஃபிட்சி அரங்கம் ஓவியர்களின் சுயஉருவப்படத் தொகுப்புக்கு அவருடையதையும் கேட்டது. 1790இல் அவர் வரைந்து கொடுத்த அந்தப் படத்தில் அவர் கேன்வாஸில் வரைந்துகொண்டிருப்பது மரி அந்துவானெத்தின் முகம். அந்த ராணியின் தலை 1793இல் போனது. 1794இல் கணவர் விவாகரத்து செய்தார், ஓடிப்போனவளின் கணவன் என்று தன் சொத்தைப் பறிகொடுக்காமல் இருக்க. எனக்கு அதில் இன்னொன்று தெரிகிறது: அதற்குப் பிறகு இவர் சம்பாதித்தது இவருக்கே.

1795இலிருந்து ஆறு வருடம் ரஷ்யாவில். கேத்தரின் பேரரசியின் இரண்டு பேத்திகளைக் கிரேக்க பாணியில் கை தெரியும் உடையில் வரைந்தார். பாட்டிக்குப் பிடிக்கவில்லை. வெயில் காய்கிற இரண்டு பக் நாய்கள் மாதிரி இருக்கிறது என்று கடிதத்தில் கிண்டல் செய்தார். இவர் படத்தில் சட்டைக் கைகளை வரைந்து சேர்த்துவிட்டு, அது படத்தையே கெடுத்துவிட்டது என்று புலம்பினார். மற்றபடி அங்கே வேலையும் பணமும் கொட்டியது. மகள் ஜூலி அங்கேதான் அம்மாவுக்குப் பிடிக்காத ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டாள், அந்த மனக்கசப்பு முழுதாக ஆறவே இல்லை. 1819இல் ஜூலி அம்மாவுக்கு முன்பே இறந்துபோனாள்.

பாரிஸில் 255 கலைஞர்களும் எழுத்தாளர்களும் அறிவியலாளர்களும் கையெழுத்துப் போட்டு மனு கொடுத்த பிறகு இவர் பெயர் ஓடிப்போனவர்கள் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. 1802 ஜனவரியில் திரும்பி வந்தார். ஊர் மாறிப்போயிருந்தது, இவர் மாறவில்லை. லண்டனுக்குப் போய் இரண்டு வருடத்துக்கு மேல் இருந்தார். நெப்போலியனின் தங்கை கரோலினை வரைய நேர்ந்தபோது, அந்த அம்மாள் சொன்ன நேரத்துக்கு வருவதில்லை, ஒவ்வொரு முறையும் தலையலங்காரத்தையும் உடையையும் மாற்றிக்கொண்டு வருவார், இவர் வரைந்ததை அழித்து அழித்து மறுபடி வரைவார். ஒருநாள் அவர் காதில் விழும்படியே பக்கத்தில் இருந்தவரிடம் சொன்னார்: "நிஜமான இளவரசிகளை வரைந்திருக்கிறேன், அவர்கள் யாரும் என்னைக் காக்க வைத்ததில்லை."

கடைசிக் காலத்தில் பாரிஸிலும் பக்கத்து லூவ்சியென் கிராமத்தில் வாங்கிய வீட்டிலுமாக இருந்து, 1842 மார்ச் 30 அன்று எண்பத்தாறு வயதில் இறந்தார். நினைவுக் குறிப்புகளின் கூடவே யார் யாரை வரைந்தேன் என்று ஊர்வாரியாகப் பட்டியலும் போட்டு வைத்திருக்கிறார், கணக்குப்பிள்ளை மாதிரி. உருவப்படங்கள் மட்டும் 660க்கு மேல் என்பது அவர் கணக்கு. இவ்வளவு வரைந்தவருக்குப் பிரான்சில் முழுமையான தனிக் கண்காட்சி நடந்தது 2015இல்தான்.

பார்க்கத் தொடங்குகிறவர்களுக்கு வெர்சாயில் இருக்கும் காலித் தொட்டில் படத்தையும் லண்டனில் இருக்கும் தொப்பிப் படத்தையும் சொல்வேன், இரண்டுமே இணையத்தில் நல்ல தெளிவில் கிடைக்கின்றன. மகளை அணைத்துச் சிரிக்கிற அந்தப் படம் லூவரில் இருக்கிறது. அதைத் தேடி எடுத்து வாய்ப் பக்கம் பெரிதாக்கிப் பாருங்கள். ரொம்ப எதிர்பார்க்காதீர்கள், பல் என்று சொன்னது ஒரு மெல்லிய வெள்ளைக் கோடு அளவுக்குத்தான்.